கேக்கில் தொக்கு போடுவது நம் வழக்கம்தான்

1

திருத்தணியில் இருக்கும் உங்களிடம் ஓர் உதவி கேட்கத்தான் இதை எழுதுகிறேன். என்ன உதவி என்று இப்போதே சொன்னால் சிரித்துவிட்டுப் பக்கத்தைப் புரட்டிவிடுவீர்கள். ஆகையால் முதலில் என் புலம்பெயர்ந்த வாழ்க்கையின் துயரங்களைச் சொல்லிவிடுகிறேன். அதைக் கேட்டு மனம் இளகிய பிறகு உதவியைக் கேட்கிறேன்.

நான் தாமோதரன். பஜார் தெருவில் தொக்கு, வடகம் போட்டு விற்கும் கஸ்தூரியின் தம்பி என்றால் எல்லோருக்கும் தெரியும். அந்நிய மண்ணில் கால் வைத்து இந்தக் கார்த்திகையோடு நான்கு வருடம் ஆகிறது. கடல் எதையும் தாண்டவில்லை. நகரியைத் தாண்டினேன், புத்தூரைத் தாண்டினேன், திருப்பதியில் இறங்கிவிட்டேன். பஸ்ஸில் ஒரு தூக்கம் போட்டு எழுந்தால் வந்துவிடும். இதற்குப் பெயர் புலம்பெயர்தலா என்று நீங்கள் முணுமுணுப்பது எனக்குக் கேட்கிறது. துபாயில் இருக்கிற என் மச்சான் தமிழ்க்கடையில் தமிழிலேயே பேசிப் பெருங்காயம் வாங்குகிறான். நான் இங்கே ‘இங்குவ’ என்று கேட்டால்தான் பெருங்காயம் கிடைக்கும். இப்போது சொல்லுங்கள், நாட்டை விட்டுப் போனது அவனா நானா?

இத்தனைக்கும் என் தாத்தா பிறந்தபோது நம் திருத்தணியே சித்தூர் ஜில்லாவில்தான் இருந்தது. பிறகு மாநில எல்லைக் கோட்டை மாற்றிப் போட்டார்கள். தாத்தா வீட்டுத் திண்டில் சாய்ந்தபடியே ஒரு மாநிலத்திலிருந்து இன்னொரு மாநிலத்துக்குப் போய்ச் சேர்ந்தார். மூட்டை முடிச்சு கிடையாது, வண்டிச் சத்தம் கிடையாது. புலம்பெயர்ந்தால் அப்படிப் பெயர வேண்டும். எனக்கு அந்தக் கொடுப்பினை இல்லை.

2

திருப்பதிக்கு வருவதற்கு முன்னால் முதல் வருடம் சித்தூரில் இருந்தோம். அங்கே ஒரு மோட்டார் உதிரிபாகக் கடையில் எனக்கு வேலை. சித்தூரில் யாரிடம் தெலுங்கில் திக்கினாலும் அவர்கள் இரக்கப்பட்டுத் தமிழில் பதில் சொல்லிவிடுவார்கள். இந்த இரக்கத்தால்தான் எனக்கு இன்றுவரை தெலுங்கு வரவில்லை.

வராது என்று நான் ஒத்துக்கொண்டிருந்தால் பிரச்சினையே இல்லை. வரும் என்று நினைத்துக்கொண்டேன். கடை முதலாளி ஒருநாள் மதியம் வீட்டுக்குக் கூப்பிட்டு, “பத்தாயி ரசம் தாகுதாவா?” என்று கேட்டார். தாகுதாவா என்றால் குடிக்கிறாயா, பத்தாயி என்றால் சாத்துக்குடி என்று தெரியும். பெரிய இடத்தில் சாத்துக்குடியில் ரசம் வைப்பார்கள் போலிருக்கிறது என்று எண்ணி, “கொஞ்சம் சாதமும் குடுங்க” என்றேன். வந்தது கண்ணாடித் தம்ளரில் ஜூஸ். பக்கத்தில் ஒரு கிண்ணம் சாதமும் வந்தது, கேட்டவன் மனம் நோகக் கூடாதே என்று. தெலுங்கில் ரசம் என்றால் பழச்சாறும்தான் என்பதை அன்று சாத்துக்குடி ஜூஸில் சோறு பிசைந்து தெரிந்துகொண்டேன்.

அதைவிடப் பெரிய விபத்து என் மகளுக்கு நேர்ந்தது. பெயர் தேன்மொழி. அவளைப் பள்ளியில் சேர்க்கப் போனபோது அலுவலகத்தில் இருந்தவர், “இண்டி பேரு?” என்று கேட்டார். இண்டி என்றால் வீட்டினுடைய, பேரு என்றால் பெயர். ஊரில் நம் வீட்டு நெற்றியில் எழுதியிருப்பதை நினைவுபடுத்திக்கொண்டு, “முருகன் துணை” என்று பெருமையாகச் சொன்னேன். அவர் எழுதிக்கொண்டார். தெலுங்கர்களுக்கு இண்டி பேரு என்றால் குடும்பப் பெயர் என்பதும், அதைப் பெயருக்கு முன்னால் போடுவார்கள் என்பதும் அப்புறம்தான் தெரிந்தது. என் மகள் அன்றிலிருந்து முருகன் துணை தேன்மொழி. அதிலும் தெலுங்கில் ழ கிடையாது என்பதால் தேன்மொளி. மாற்றப் போனால் அந்தச் சான்று கொண்டுவா, இந்தக் கையெழுத்து வாங்கிவா என்று அலைக்கழித்தார்கள். நானும் ஓய்ந்துவிட்டேன். திருப்பதிக்கு வேலை மாறி வந்தபோது முருகன் துணையும் மாற்றுச் சான்றிதழில் ஏறி எங்களோடு வந்துவிட்டது. புது வகுப்பில் முருகன் துணையைச் சுருக்கி அவளை எம்.டி. மேடம் என்று கூப்பிடுகிறார்கள்.

அவள் அழவில்லை. அழுதிருந்தால் சமாதானமாவது செய்திருப்பேன். என்னை வெளியே அழைத்துப் போவதை நிறுத்திக்கொண்டாள்.

3

புலம்பெயர்ந்தால் பிள்ளைகள் கைநழுவிப் போகிறார்கள் என்று அமெரிக்காவில் இருப்பவர்கள் எழுதுவதைப் படித்திருப்பீர்கள். எங்களுக்கும் அதே கதைதான். தேன்மொழிக்கு இப்போது பதிமூன்று வயது. கோபம் வந்தால் தெலுங்கு. கணக்குப் போட்டால் தெலுங்கு. தூக்கத்தில் கூடத் தெலுங்கில் உளறுகிறாள். பக்கத்து அறையில் படுத்துக்கொண்டு, பிள்ளை என்ன கஷ்டத்தில் இருக்கிறதோ என்று கவலைப்பட வேண்டும், ஆனால் என்ன கஷ்டம் என்று புரியாது. ரோட்டில் யாராவது வந்தால் நான் ‘நைனா’ இல்லை, ‘டாடி’.

நான்கு வருடத்தில் அவள் ஒரு சிநேகிதியையும் வீட்டுக்குக் கூட்டிவந்ததில்லை. எல்லார் வீட்டுப் பிறந்தநாளுக்கும் போவாள். தன் பிறந்தநாளைப் பள்ளியிலேயே சாக்லேட் கொடுத்து முடித்துவிடுவாள். காரணம் நான் என்பது எனக்குத் தெரியும். ரேவதிக்கும் தெரியும். ரேவதி என் மனைவி. ஸ்ரீசிட்டியில் செல்போன் பாகம் செய்கிற கம்பெனியில் வேலை பார்க்கிறாள். விடியும்முன் கம்பெனி பஸ் ஏறினால் பொழுது சாயத்தான் வருவாள்.

இந்த வருடம் என்ன தோன்றியதோ, தேன்மொழி தானாகவே வந்து சொன்னாள்.

“நைனா, இந்த தபா பர்த்டேக்கு என் ஃப்ரெண்ட்ஸு நாலு பேர் நம்ம ஊட்டுக்கு வராங்கோ.”

எனக்குக் கண் கலங்கிவிட்டது. கண்ணாடியைத் துடைப்பதுபோல் நடித்தேன்.

“ஹாசினி ஊட்ல அவங்க அம்மாவே கேக் செஞ்சாங்க. எலுமிச்சம்பழமும் வால்நட்டும் போட்டு. நம்ம ஊட்லயும் செய்யணும். ஆரஞ்சு, பாதாம் போட்டு. கடையில வாங்கினா மானம் பூடும்.”

“செஞ்சிட்டா போச்சு. அம்மாவுக்குத்தான் லீவு கெடைக்காது. நான் செய்யறேன்.”

அவள் என்னை ஏற இறங்கப் பார்த்தாள். “சரி. ஆனா நீ அவங்ககிட்ட தெலுங்கு பேசக்கூடாது. ஒரு வார்த்த கூட. சிரிச்சிகினே இரு, போதும்.”

ஒப்புக்கொண்டேன். இந்தப் பிறந்தநாள் நல்லபடியாக நடந்தால் அவர்கள் மறுபடியும் வருவார்கள். சொதப்பினால் இனி அவள் திருமணப் பத்திரிகை கொடுக்கத்தான் யாரையும் வீட்டுக்குக் கூப்பிடுவாள். கேக்கை நான் அவ்வளவு பெரிதாக நினைத்தேன்.

4

மேல் வீட்டில் லலிதாம்மா இருக்கிறார். கர்னூல்காரர், ஓய்வு பெற்ற டீச்சர். கேக் செய்வதில் கெட்டிக்காரர். தமிழில் அவருக்கு ‘வணக்கம்’, ‘சாப்ட்டாச்சா’ இரண்டும்தான் தெரியும். யாரைப் பார்த்தாலும் இரண்டையும் சேர்த்தே சொல்வார்.

படியேறிப் போய், “அக்கா, கேக்கு, ஆரஞ்சு, பாதாம், எலா?” என்றேன். எலா என்றால் எப்படி. மீதி வார்த்தைகளுக்கு இலக்கணம் எதற்கு?

அவர் ஆசையாகச் சொன்னார். குக்கர் அடியில் உப்பு பரப்பு, தண்ணீர் ஊற்றாதே, விசிலைக் கழற்று. மைதா, சர்க்கரை, முட்டை, எண்ணெய், பொடித்த பாதாம். பிறகு, “கமலா ரசம் ஒக கப்பு” என்றார். பார்த்தீர்களா, இந்த இடத்தில் பழைய தாமோதரனாக இருந்தால் புளியைக் கரைத்திருப்பான். நான் அலட்டிக்கொள்ளாமல் தலையாட்டினேன். கமலா என்றால் ஆரஞ்சு. ரசம் என்றால் சாறு. சாத்துக்குடி ஜூஸில் சோறு தின்றவனை ஏமாற்ற முடியாது.

கடைசியாக ஒன்று சொன்னார். “நாரிஞ்ச தொக்க ரெண்டு ஸ்பூன்லு வெய்யி தம்முடு. அதி வேஸ்தேனே அசலு ருச்சி.” இரண்டு ஸ்பூன் போடு தம்பி, அதைப் போட்டால்தான் உண்மையான ருசி.

நார்த்தங்காய்த் தொக்கா? எனக்கு ஒரு நிமிடம் சந்தேகம் வந்தது. “கமலாவா அக்கா?” என்று கேட்டு உறுதிப்படுத்திக்கொள்ளப் பார்த்தேன்.

“கமலாதி காது தம்முடு, நாரிஞ்சதி!” கமலா இல்லையாம், அடித்துச் சொல்லிவிட்டார். ஆரஞ்சு இல்லை என்றால் நார்த்தங்காய்தானே?

எனக்குள் ஒரு பெருமிதம் பொங்கியது. கஸ்தூரி அக்கா போன வாரம்தான் ஒரு பாட்டில் நார்த்தங்காய்த் தொக்கு பஸ்ஸில் கொடுத்தனுப்பியிருந்தாள். “தொக்கு மா அக்க பம்பிந்தி” என்றேன், எங்கள் அக்கா அனுப்பியிருக்கிறாள் என்று.

லலிதாம்மா புருவத்தை உயர்த்தினார். “தொக்க பம்பிந்தா? எண்டபெட்டிந்தா?”

எண்ணெய் போட்டிருக்கிறாளா என்று கேட்கிறார். இது தெரியாதா எனக்கு? “அவுனு அக்கா, சாலா!” என்றேன். ஆமாம், நிறைய.

அவரும் திருப்தியாகத் தலையாட்டினார். இரண்டு பேருமே முழுமையாகப் புரிந்துகொண்டோம் என்கிற நிம்மதியோடு பிரிந்தோம்.

5

நீங்கள் கேட்பீர்கள், கேக்கில் தொக்கு போடச் சொன்னால் உனக்குப் புத்தி வேண்டாமா என்று. யோசித்தேன் ஐயா. யோசிக்காமல் இல்லை. ஆனால் இது ஆந்திரா. காலையில் உப்புமாவுக்கு ஊறுகாய், மதியம் பருப்புச்சாதத்துக்கு ஊறுகாய், சும்மா இருக்கும்போது ஊறுகாய். இவர்கள் கேக்கை மட்டும் விட்டுவைப்பார்களா? போன இடத்தில் போன இடத்து வழக்கப்படி நடப்போம் என்று முடிவு செய்தேன். மகளுக்காகத் தெலுங்கனாகவே மாறிவிட்டேன் என்று சொல்ல வேண்டும்.

முட்டையை அடித்தேன். கமலாவைப் பிழிந்தேன். பாதாமைத் தோலுரித்துப் பொடித்து, ரேவதி பார்த்தால் திட்டுவாள் என்று தெரிந்தும் மிக்ஸியைக் கழுவாமல் வைத்தேன். அக்காவின் தொக்கு உங்களுக்குத் தெரியும். கறுத்த சிவப்பில், கடுகும் வெந்தயமும் மினுங்க, நல்லெண்ணெய் மேலே நிற்கும். லலிதாம்மா இரண்டு ஸ்பூன் என்றார். பிறந்தநாள் ஆயிற்றே என்று தாராளமாகவே போட்டேன். மாவு காவி நிறமாகிவிட்டது. பழத்தின் நிறம் என்று நினைத்துக்கொண்டேன்.

மதியம் ரேவதி போன் செய்தாள். “இன்னாங்க, கேக்கு வெச்சிட்டியா? வாசன வருதா?”

“வருது. சூப்பரா வருது.”

“இன்னா வாசன?”

மூக்கை உறிஞ்சிப் பார்த்தேன். “பெருங்காயம்.”

 “சரி, நான் வரவரைக்கும் எதையும் தொடாத” என்று வைத்துவிட்டாள். அவள் வருவதற்குள் சிநேகிதிகள் வந்துவிட்டார்கள்.

6

நான்கு பெண்கள், நல்ல மரியாதை தெரிந்த பிள்ளைகள். “நமஸ்தே அங்கிள்” என்றார்கள். நான் சிரித்தேன். “பாகுன்னாரா அங்கிள்?” என்று நலம் விசாரித்தார்கள். மறுபடியும் சிரித்தேன். ஒப்பந்தம் ஒப்பந்தம்தான். தேன்மொழி என்னைப் பார்த்துக் கண்ணாலேயே நன்றி சொன்னாள். கேக் பார்ப்பதற்கு அழகாகவே இருந்தது. மேலே பாதாமைப் பூப்போல அடுக்கியிருந்தேன். மெழுகுவர்த்தியை ஊதினாள், வெட்டினாள், எல்லோருக்கும் ஒவ்வொரு துண்டு கொடுத்தாள், தானும் வாயில் போட்டாள்.

என் மகள் அந்தத் தொக்கைத் தயிர்சாதத்தோடு தின்று வளர்ந்தவள். முதல் கடியிலேயே அத்தை கையை அடையாளம் கண்டுகொண்டாள். மெல்வதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள். நான் அப்போதும் சிரித்துக்கொண்டுதான் இருந்தேன், வேறென்ன செய்ய?

ஹாசினிதான் முதலில் வாயைத் திறந்தாள். கண்ணில் நீர். “ஏண்டே இதி? காரங்கா உந்தி!” என்னடி இது, காரமாக இருக்கிறது என்கிறாள். இன்னொருத்தி தண்ணீர்ச் சொம்பைத் தேடினாள். இரண்டு பேர் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அந்தப் பார்வைக்கு அடுத்து என்ன வரும் என்று எனக்குத் தெரியும். நாளைக்கு வகுப்பில் வரும். வருடம் முழுக்க வரும். எம்.டி. மேடத்தின் அப்பா கேக்கில் ஊறுகாய் போட்டார். அப்போதுதான் எனக்கு உறைத்தது, இது இவர்கள் வழக்கமும் இல்லை என்று.  தரை பிளந்தால் உப்பும் குக்கருமாக உள்ளே போய்விடலாம் போலிருந்தது.

தேன்மொழி வாயில் இருந்ததை விழுங்கினாள். நிதானமாக இன்னொரு துண்டை எடுத்துக் கடித்தாள். பிறகு தெலுங்கில், டீச்சர் பாடம் நடத்துவதுபோலச் சொன்னாள்.

“மா அரவோள்ள கேக்கு இட்லே உண்டுந்தி. மீக்கு தெலீதா?”

அரவோள்ளு என்றால் இங்கே தமிழர்கள். எங்கள் தமிழ்க்காரர்களின் கேக் இப்படித்தான் இருக்கும், உங்களுக்குத் தெரியாதா என்கிறாள். நான்கு வருடமாக யாராவது அந்த வார்த்தையைச் சொன்னால் தெருவில் முகத்தைத் திருப்பிக்கொண்டு போனவள்.

“நிஜங்காவா?” என்றாள் ஹாசினி. நிஜமாகவா?

“அவுனே. பண்டக்கி, பெள்ளிக்கி, அன்னிட்டிக்கி இதே. மா நாயன ஸ்பெஷல்கா சேசினாடு.” பண்டிகைக்கும் கல்யாணத்துக்கும் எல்லாவற்றுக்கும் இதுதான், எங்கள் நைனா ஸ்பெஷலாகச் செய்தார் என்று பொருள். டாடி இல்லை, நாயன.

நான் கண்ணாடியைத் துடைத்தேன். இந்த முறை நடிக்கவில்லை.

பொய் சொல்பவர்கள் அங்கேயே நிறுத்திக்கொள்ள வேண்டும். பிள்ளைக்கு உற்சாகம் வந்துவிட்டது. இதற்குத் தொட்டுக்கொள்ள எங்கள் ஊரில் ரசம் குடிப்போம் என்று சேர்த்துவிட்டாள். ரசம் என்றதும் பெண்கள் ஜூஸ் என்று நினைத்துத் தம்ளரை நீட்டினார்கள். மதியம் வைத்த மிளகு ரசம் அடுப்பில் இருந்தது. மகள் கண்ணால் ஜாடை காட்டினாள். சூடு பண்ணி, கொத்தமல்லி தூவி, ஆளுக்கு அரைத் தம்ளர் ஊற்றினேன். கர்மசிரத்தையாகக் கேக்கைக் கடித்து ரசத்தைக் குடித்தார்கள். பிரணதி என்கிற குண்டுப்பெண், “இங்கோ முக்க இய்யி” என்று தட்டை நீட்டினாள். இன்னொரு துண்டு. அந்தப் பெண் நூறு வயது நன்றாக இருக்க வேண்டும்.

அவர்கள் போனதும் தேன்மொழி கதவைச் சாத்திவிட்டு என் பக்கம் திரும்பினாள்.

“நைனா. இன்னாத்துக்கு தொக்க போட்ட?”

“லலிதாம்மாதான் சொல்லிச்சி. நாரிஞ்ச தொக்குன்னு.”

இரண்டு படி ஒரு தாவலாக மேலே ஓடினாள். சற்று நேரத்தில் மாடியிலிருந்து லலிதாம்மாவின் சிரிப்பு கேட்டது. படியிலேயே உட்கார்ந்துவிட்டாராம். மகள் மூச்சு வாங்க இறங்கி வந்தாள்.

“தொக்கன்னா தோலு நைனா! நாரிஞ்சன்னா பெரிய ஆரஞ்சு! அதோட தோல துருவிப் போடச் சொல்லிகிறாங்க. எண்டபெட்டிந்தான்னா வெயில்ல காயவெச்சதான்னு அர்த்தம். நீ எண்ணெய்ன்னுகினு கீற!” சொல்லிவிட்டுச் சோபாவில் விழுந்து சிரித்தாள். நானும் சிரித்தேன். அப்போதுதான் வேலை முடிந்து வந்த ரேவதி, ஒரு துண்டை வாயில் போட்டுப் பார்த்துவிட்டு, செருப்பைக்கூடக் கழற்றாமல் நின்றாள்.

சிரித்து ஓய்ந்ததும் கேட்டேன். “ஏம்மா, எங்க நைனாவுக்குத் தெலுங்கு வராதுன்னு சொல்லிட்டுப் போயிருக்கலாமே?”

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டே சொன்னாள்: “உன்ன பாத்து நான் சிரிக்கலாம். அதுங்க இன்னாத்துக்கு சிரிக்கணும்?”

 மிச்சம் இருந்த கேக்கைத் தயிர்சாதத்துக்குத் தொட்டுக்கொண்டு மூன்று பேரும் சாப்பிட்டோம். கெட்டதாக இல்லை.

7

இப்போது உதவிக்கு வருகிறேன்.

நான் ஆந்திரர்களைப் பற்றி என்ன நம்பினேனோ அதையே அவர்கள் நம்மைப் பற்றி நம்பிவிட்டார்கள். அரவக் கேக் என்கிற பேச்சு வகுப்பு முழுக்கப் பரவி, அங்கிருந்து டீச்சர்கள் அறைக்குப் போய்விட்டது. சிநேகிதிகள் வீட்டுக்கு வந்துபோகிறார்கள், மறுபடி எப்போது கேக் என்று கேட்கிறார்கள். பிரணதி வாராவாரம் வருகிறாள். எல்லாம் நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது. போன வாரம் சமூக அறிவியல் மிஸ் தேன்மொழியைக் கூப்பிட்டு, வருடக் கடைசிப் படித் திருவிழாவுக்குக் குடும்பத்தோடு திருத்தணி வரப்போவதாகச் சொல்லியிருக்கிறார். தரிசனம் முடிந்ததும் அசல் தொக்கு கேக் ஒரு கிலோ வாங்கிவந்து எல்லா டீச்சர்களுக்கும் கொடுப்பாராம். எந்தக் கடையில் நன்றாக இருக்கும் என்று கேட்டிருக்கிறார். பிள்ளை, “எல்லாக் கடையிலயும் கெடைக்கும் மிஸ்” என்று சொல்லிவிட்டு வந்து இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை.

எனக்காகச் சொன்ன பொய் அது. என் பிள்ளை எங்கேயும் தலைகுனியக் கூடாது.

ஆகவே பஸ் ஸ்டாண்டு எதிரில் பேக்கரி வைத்திருப்பவர்களே, மலையடிவாரத்தில் டீக்கடை வைத்திருப்பவர்களே, பஜார் தெருக்காரர்களே, உங்களைக் கையெடுத்துக் கும்பிட்டுக் கேட்கிறேன். வெள்ளிச் சட்டம் போட்ட கண்ணாடி அணிந்த ஓர் அம்மா வந்து தெலுங்கில் தொக்கு கேக் கேட்பார். ‘அப்படி ஒன்று கிடையாதே’ என்று சொல்லிவிடாதீர்கள். என் அக்கா வீட்டுக்கு வழி காட்டிவிடாதீர்கள், அவள் உண்மை பேசக்கூடியவள். தெலுங்கில் பதில் சொல்லவும் முயலாதீர்கள், அதன் பலனை நான் அனுபவித்தவன். தமிழிலேயே சொல்லுங்கள், அவருக்குப் புரியும்:

“தொக்கு கேக்காமா? காலையிலயே தீந்துபோச்சே!”

சொல்லும்போது சிரித்துவிடாதீர்கள்.